விஜயலக்ஷ்மியின் குரல் தங்கியிருந்த தவில்

விஜயலக்ஷ்மியின் குரல் பத்தொன்பது வருடம் நான்கு மாதம் ஒரு தவிலுக்குள் இருந்தது. அந்தத் தவில் தாராவியில், தையல் மெஷின்கள் ஓடும் ஒரு சந்தில், பூலோகம் என்ற தவில்காரனின் ஒற்றை அறைக் கோலியில், தண்ணீர் டிரம்முக்கு மேலே இரும்புக் கொக்கியில் தொங்கியது. குரலுக்குச் சொந்தக்காரி செம்பூரில் மூன்றாவது மாடியில், கணவனோடும் மகளோடும் ஒரு வார்த்தை பேசாமல் குடும்பம் நடத்தினாள். இரண்டு இடங்களுக்கும் நடுவே மூன்று ஸ்டேஷன்தான். குர்லாவில் மட்டும் வண்டி மாற வேண்டும்.

பூலோகத்தின் தகப்பனார் திருநெல்வேலிக்குத் தெற்கேயிருந்து வந்து தோல் பட்டறையில் வேலை பார்த்தவர். பட்டறையில் காயப்போட்ட தோலைத் தட்டித் தட்டியே பையனுக்குக் கை பழகிவிட்டது. பிறகு மாட்டுங்கா கோயிலில் முறையாகக் கற்று, இருபத்திரண்டு வயதில் தமிழ்செல்வனின் நாகஸ்வரத்துக்கு நிரந்தரத் தவிலானான். அதே கோயிலுக்குப் பின்தெருவில் ஜகந்நாதன் என்ற ஆபீஸ்காரரின் மகள் விஜயலக்ஷ்மி, சபாக்களில் பாடத் தொடங்கியிருந்தாள். ஒருநாள் சாயங்கால பூஜை முடிந்ததும் நேராக அவனிடம் வந்து, "அந்தக் கோர்வை முடியற எடத்துல ஒண்ணு கொறைஞ்சுதே, அதை எங்கே ஒளிச்சு வெச்சேள்?" என்று கேட்டாள். அதுவரை அவன் கணக்கில் யாரும் குறுக்கே வந்து கேள்வி கேட்டதில்லை. பிரசாதக் கவுன்டரின் தகரத்தில் இரண்டு விரலால் தட்டிக் காட்டினான். கவுன்டர்க்காரர் புளியோதரை தீர்ந்துவிட்டது என்று மூன்று தடவை சொல்லியும் இருவரும் நகரவில்லை.

செவ்வாயும் சனியும் அவள் செம்பூர் காலனியில் குழந்தைகளுக்குப் பாட்டு சொல்லிக் கொடுக்கப் போவாள். அவனுக்கும் அந்த நாட்களில் செம்பூர் கோயிலில் வாசிப்பு இருந்தது. இல்லாத வாரங்களில் அவனே உண்டாக்கிக்கொண்டான். லேடீஸ் பெட்டிக்கும் பக்கத்துப் பெட்டிக்கும் நடுவே ஒரு கம்பித் தடுப்பு உண்டு. அந்தப் பக்கம் அவள் நின்று ராகத்தை முணுமுணுப்பாள், இந்தப் பக்கம் அவன் கம்பியில் தட்டுவான். அவள் பாட ஆரம்பித்தால் அது முடியும்வரை வண்டி செம்பூர் போய்ச் சேராது. குர்லாவிலிருந்து ஆறு நிமிடத்துப் பயணம் இருபது, இருபத்தைந்து என்று நீளும். ஆபீஸ் விட்டு வருகிறவர்கள் சிக்னலைத் திட்டுவார்கள். இரண்டாம் மாதத்திலேயே அவள் அவனை நீ என்று கூப்பிட்டாள். மூன்று வருடமாகியும் அவனுக்கு நீங்க என்பதைத் தாண்டி வாய் வரவில்லை. அதற்காக அவள் அவனைப் பாடாய்ப் படுத்தினாள். அவன் சிரித்துக்கொண்டே படுத்தப்பட்டான். இந்த ஊரில் ஒரு மனிதன் அவ்வளவு சந்தோஷமாக லோக்கல் வண்டியில் நின்றுகொண்டு போனதில்லை.

மாட்டுங்காவில் ஆபீஸ் வைத்திருந்த ஹரி என்ற செம்பூர்ப் பையனைப் பார்த்து ஜகந்நாதன் முடிவு செய்தபோது, கல்யாணத்துக்கு மேளமும் அவரே போய்ப் பேசினார். கோயில் செட்டைத் தவிர வேறு யாரை அழைப்பார்? விஷயம் தெரிந்த அன்று கம்பித் தடுப்புக்கு அந்தப் பக்கத்திலிருந்து அவள் சொன்னாள்: "நான் பார்த்துக்கறேன். நீ மாட்டேன்னு சொல்லாம வாசிக்க ஒத்துக்கோ. நீ எதிர்ல இருந்தாத்தான் எனக்குத் தைரியம் வரும்."

"என்னத்தப் பாத்துக்கிடுவீங்க?"

"பார்த்துக்கறேன்னு சொன்னேனோல்லியோ. அப்புறம் என்ன?"

அதற்குப் பிறகு அவள் செம்பூருக்கு வரவில்லை, வீட்டில் விடவில்லை. அவன் சேதிக்காகக் காத்திருந்தான். சேதி வரவில்லை, கல்யாணப் பத்திரிகைதான் வந்தது, தமிழ்செல்வனுக்கும் குழுவினருக்கும் என்று போட்டு.

தாலி கட்டும்போது கெட்டி மேளம் எதற்கு என்று எல்லோருக்கும் தெரியும். யாராவது தும்மலாம், யாராவது அழலாம், சமையற்கட்டில் பாத்திரம் விழலாம், எவராவது எதைப் பற்றியாவது போச்சு என்று சொல்லித் தொலைக்கலாம். அந்த நேரத்தில் அப்படி ஒரு சத்தம் காதில் விழக் கூடாது. எல்லாவற்றையும் விழுங்கத்தான் மேளம். விழுங்கியது எங்கே போகிறது என்று இதுவரை யாரும் கேட்டதில்லை. தவில்காரனுக்கு அப்போது ஒரே வேலை. மேடையில் ஒரு கை உயரும், பார்த்த மாத்திரத்தில் அடி விழ வேண்டும். ஒரு விநாடி பிந்தினாலும் பேச்சு கேட்க வேண்டியிருக்கும். முகத்தைப் பார்க்காதே, கையைப் பார் என்பது இந்தத் தொழிலின் முதல் பாடம். 2006ஆம் வருடம் தை மாதம், அந்த மாட்டுங்கா மண்டபத்தில், பூலோகத்துக்கு இந்தப் பாடம் வசதியாகவும் இருந்தது. மடிசார் கட்டி, மாலை போட்டு, அப்பா மடியில் உட்கார்ந்திருந்தவளின் முகத்தைப் பார்க்க அவனுக்கு நெஞ்சில் தெம்பு இல்லை.

கை காட்ட வேண்டிய மாமா, பந்திக்கு இலை போதுமா என்று பார்க்கப் போயிருந்தார். ஜகந்நாதனின் இரண்டு கைகளும் மகளைப் பிடித்திருந்தன. சாஸ்திரிகள் மந்திரத்தின் பாதியில் இருந்தார். பத்து மணி நாற்பத்திரண்டு நிமிடத்துக்கு மேடையில் ஒரு கை உயர்ந்தது. மருதாணி வைத்த கை. அவளே கெட்டி மேளம் கேட்கிறாள் என்று பூலோகம் நினைத்தான். பார்த்துக்கறேன் என்று சொன்னவள், இப்படித்தான் பார்த்துக்கொண்டாளா என்றும் நினைத்தான். அதற்கு முன்பே அவன் கைகள் அடித்துவிட்டன. அவன் ஆத்திரத்தில் அடித்தான். அந்த மாதிரி ஒரு கெட்டி மேளத்தை அந்த மண்டபம் அதற்கு முன் கேட்டதில்லை. ஜன்னல் கண்ணாடி இரண்டில் விரிசல் விட்டது. மேளம் எழுந்ததும் சாஸ்திரிகள் மீதி மந்திரத்தை விட்டுவிட்டார், ஹரி கட்டினான், நாத்தனார் மூன்றாவது முடிச்சைப் போட்டாள், எல்லோரும் அட்சதையைத் தூவினார்கள். ஆல்பத்தில் அந்தக் கணத்துப் போட்டோ இருக்கிறது. கல்யாணப் பெண் கையைத் தூக்கி, வாயைத் திறந்தபடி. தும்மல், என்றார்கள் உறவினர்கள். நல்லவேளை மேளம் இருந்தது என்றும் சொன்னார்கள்.

அன்று முதல் விஜயலக்ஷ்மி பேசவில்லை. முதல் மூன்று நாள் வெட்கம் என்று எடுத்துக்கொண்டார்கள். ஒரு வாரம் வரைக்கும் அடக்கம் என்று பாராட்டினார்கள். அதற்குப் பிறகுதான் டாக்டரிடம் போனார்கள். தொண்டையில் எல்லாம் இருக்க வேண்டிய இடத்தில் இருக்கிறது, குரலைத் தவிர, என்று டாக்டர் எழுதிக் கொடுத்தார். ஹரி நல்ல மனுஷன். மனைவிக்குக் குரல் இல்லை என்பதை, வீட்டுக்கு பால்கனி இல்லை என்பதைப் போல ஏற்றுக்கொண்டான்.

அந்த வாரமே பூலோகம் தாணேயில் ஒரு கல்யாணத்துக்குத் தவிலை மாட்டிக்கொண்டான். வலந்தலைத் தோலில் முதல் அடி விழுந்ததும், அடிக்குக் கீழே ஒரு பெண் குரல் ஷட்ஜத்தைப் பிடித்தது. தமிழ்செல்வன் நாகஸ்வரத்தை வாயிலிருந்து எடுத்துவிட்டுக் கேட்டான்: "ஏலேய், உள்ள யாருல இருக்கா?" பூலோகம் அடித்துக்கொண்டே இருந்தான். யார் என்று முதல் ஸ்வரத்திலேயே தெரிந்துவிட்டது. பாடும் தவில் என்று பேர் பரவி, கல்யாணங்கள் குவிந்தன. ஜகந்நாதனே ஒரு உறவுக்காரர் வீட்டுக் கல்யாணத்தில் முன் வரிசையில் உட்கார்ந்து, யாரோ நன்னாப் பாடறாளே என்று தலையை ஆட்டிவிட்டுப் போனார். இருபத்து மூன்று வருடம் அதே வீட்டில் வளர்ந்து, பக்கத்து அறையில் சாதகம் செய்த மகள் குரல் அவருக்குத் தெரியவில்லை.

தவில் கொக்கியில் தொங்கும்போதும் பாடியது. காலை ஐந்தரைக்கு வர்ணம், குளித்துவிட்டுக் கீர்த்தனை, சாயங்காலம் ஆலாபனை என்று ஒழுங்கு தவறாமல் பாடியது. சந்துக்காரர்கள் இரண்டு வாரம் வேடிக்கை பார்த்தார்கள், பிறகு அதை வைத்து நேரம் சொல்லத் தொடங்கினார்கள். வர்ணம் முடிஞ்சிட்டு, தண்ணி வந்துரும் என்று பெண்கள் குடத்தை எடுத்தார்கள். 2008இல் செம்பூரில் விஜயலக்ஷ்மிக்கு மகள் பிறந்தபோது, தவில் தாலாட்டுக்கு மாறியது. ஒன்றரை வருடம் தாராவியில் அந்தச் சந்தில் பிறந்த அத்தனை குழந்தைகளும் எட்டு மணிக்கெல்லாம் தூங்கின. செம்பூரில் மூன்றாவது மாடியில் ஒரு குழந்தை மட்டும் விடிய விடிய அழுதது. அதன் அம்மா வாயைத் திறந்து திறந்து மூடினாள். வீட்டுக் கணக்கெடுக்க வந்த பெண் பூலோகத்தின் கோலியில் எத்தனை பேர் என்று கேட்டபோது, அவன் ஒருத்தன் என்றான். பக்கத்து வீட்டுக்காரி எட்டிப் பார்த்து, "ரெண்டு ஆளுன்னு போடுங்க மேடம், பொய் சொல்லுதாரு" என்றாள். அந்தப் பெண்ணும் காதைக் கொடுத்துக் கேட்டுவிட்டு, இரண்டு என்று போட்டுக்கொண்டாள்.

தன் குரல் எங்கே இருக்கிறது என்று விஜயலக்ஷ்மிக்குத் தெரியும். செம்பூர்த் தேரோட்டத்தில் தவில் அவள் பால்கனி இல்லாத ஜன்னலுக்குக் கீழே போனபோது, தன் குரலை அவளே கேட்டாள். அந்த வருடத்திலிருந்து ஒவ்வொரு தை மாதமும் தமிழ்செல்வன் கையில் ஒரு துண்டுக் காகிதம் வரும். அதில் இரண்டே வார்த்தை: எப்போ தருவே?

பூலோகத்திடம் ஒவ்வொரு வருடமும் ஒரு சாக்கு இருந்தது. இப்போது முகூர்த்த மாசம். இப்போது மழை, தோலைப் பிரித்தால் திரும்பக் காயாது. இப்போது கை வலி. உண்மை வேறு. அந்தக் குரலை விட்டுவிட்டால் அந்தக் கோலியில் அவனுக்கு டிரம்மும் ஸ்டவ்வும்தான் மிச்சம். அவன் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஆலாபனை நேரத்தில் தரையில் உட்கார்ந்து, டிரம்மில் மெல்லத் தட்டிக்கொண்டே அழுவான். இன்னொரு உண்மையும் இருந்தது, அதை அவன் தமிழ்செல்வனிடம் ஒரே ஒருமுறை சொன்னான்: "கைய யாருடே தூக்குனா? அவங்கதான தூக்குனாங்க. கேட்டாங்க, அடிச்சேன். இப்ப குரலத் தா, வெரலத் தான்னா?" காதலும் காழ்ப்பும் ஒரே தட்டில் சோறும் குழம்புமாகக் கலந்துவிட்டால் பிரித்து எடுக்க முடியாது. அவன் தின்றுகொண்டே இருந்தான்.

சந்து இடிபடப் போகிறது, யாருக்கு எங்கே வீடு என்று தெரியாது என்ற சேதி 2025இல் செம்பூர் வரைக்கும் போயிற்று. வைகாசி மாதம் ஒரு காலை, விஜயலக்ஷ்மி சயான் ஸ்டேஷனில் இறங்கி, பதினேழு வயது மகளோடு நடந்து வந்து, கோலி வாசலில் நின்றாள். நாற்பத்து இரண்டு வயது. காதோரம் நரை. அவனும் முன் பல் ஒன்று இல்லாமல் இருந்தான். உள்ளே தவில் கீர்த்தனையின் சரணத்தில் இருந்தது. அவளைக் கண்டதும் பாதியில் நின்றது. அவள் மொபைலில் எழுதி நீட்டினாள். பூலோகம் கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு படித்தான். கேள்விக்குறி இல்லை இந்தத் தடவை. தா, என்று மட்டும் இருந்தது.

அவன் சாக்கு சொல்ல வாயெடுத்தான். அவள் முகத்தைப் பார்த்தான். பத்தொன்பது வருடத்துக்குப் பிறகு முதல்முறையாகப் பார்த்தான். பார்த்த பிறகு சாக்கு வரவில்லை. முகம்மது ஹனீபைக் கூட்டிவர ஆள் அனுப்பினான்.

ஹனீப் தென்காசிப் பக்கத்துக்காரர். தோல் வேலையில் அவர் கைக்கு ஈடு அந்தத் தெருமுனை நாக்காவில் இல்லை. தவிலுக்கு இரண்டு பக்கமும் தோல் போட்டுக் கொடுத்ததும் அவர்தான். கத்தியைத் துடைத்துக்கொண்டு அவர் சொன்னார்: "பிரிச்சா வெளிய வந்துரும் பூலோகம் பாய். அதுல சந்தேகம் இல்ல. ஆனா வந்தது யார்கிட்ட போவும்னு என்னால கேரண்டி தர முடியாது." பூலோகம் விஜயலக்ஷ்மியைப் பார்த்தான். அவள் தலையை ஆட்டினாள். ஹனீப் வாரைத் தளர்த்தி, வலந்தலையின் ஓரத்தில் கத்தியை வைத்தார்.

கடைசியாக உள்ளே போனதுதான் முதலில் வந்தது. அன்று காலை பாதியில் நின்ற சரணம் வந்தது. பின்னாலேயே போன மாதம், போன வருடம், கொரோனா நாட்களில் கச்சேரியே இல்லாதபோது தனியாகப் பாடிய ராகங்கள். குரல் வர வர இளமையானது. சந்து நிரம்பி, கூட்டம் நாக்கா வரைக்கும் நின்றது. தாலாட்டு வந்தபோது மகள் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "மம்மி, யே தும் ஹோ?" இது நீயா, என்று இந்தியில் கேட்டாள். தன் அம்மாவின் குரலை அவள் கேட்டதே இல்லை. விஜயலக்ஷ்மி ஆமாம் என்று தலையசைத்தாள். பதினேழு வயதுப் பெண் தரையில் உட்கார்ந்து, ஊருக்கெல்லாம் கிடைத்துத் தனக்குக் கிடைக்காத அந்தப் பாட்டை முழுக்கக் கேட்டாள். பூலோகம் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான். அந்தப் பெண்ணிடம் மன்னிப்புக் கேட்கக்கூட அவனுக்கு யோக்கியதை இல்லை என்று அவனுக்கே பட்டது.

தாலாட்டுக்குக் கீழே தாணேக் கல்யாணத்து ஷட்ஜம் இருந்தது. அதற்கும் கீழே, அடிமட்டத்தில், முதன்முதலாக உள்ளே போனது இருந்தது. ஹனீப் தோலை முழுக்க உரித்தார். மணி பத்து நாற்பத்திரண்டு. தவிலின் அடியிலிருந்து, இருபத்து மூன்று வயதுப் பெண் ஒருத்தி, தொண்டை கிழியக் கத்திய ஒரே ஒரு வார்த்தை வெளியே வந்தது.

"நிறுத்துங்கோ!"

எல்லாம் நின்றது. தையல் மெஷின்கள் நின்றன, மேலே ஃபேன் நின்றது, எதிர் வீட்டில் குடத்துக்கு மேலே சாய்த்த தண்ணீர் குடத்தில் விழாமல் நின்றது. குக்கர் விசில் பாதியில் நின்றது. சயான் ரோட்டில் பஸ் நின்றது. ஆறு விநாடி. பிறகு எல்லாம் விட்ட இடத்திலிருந்து ஓடத் தொடங்கியது. தண்ணீர் குடத்தில் விழுந்தது.

விஜயலக்ஷ்மி வாயைத் திறந்து பார்த்தாள். ஒன்றும் வரவில்லை. இன்னொரு முறை, கழுத்து நரம்பு புடைக்க முயன்றாள். நிறுத்தச் சொன்ன குரல் தானும் நின்றுவிட்டது. வாயை மூடிக்கொண்டாள். பிறகு மொபைலில் எழுதிக் காட்டினாள்: நீ இதைக் கேட்டுண்டேதான் வாசிச்சேன்னு இத்தனை நாள் நெனச்சேன். அப்பாவுக்குப் பயந்து நீ அதை அமுக்கிட்டேன்னு நெனச்சேன்.

"கேக்கலையே," என்றான் பூலோகம். "எனக்குக் கேக்கவே இல்லையே. நீங்க கையத் தூக்குனதத்தான் பாத்தேன். நீங்களே கெட்டி மேளம் கேக்கீங்கன்னு..." கண்ணாடியைக் கழற்றினான். "ஒங்க மூஞ்சியப் பாக்கல," என்றான்.

அவள் நீளமாக ஏதோ எழுதினாள். அழித்தாள். திரும்ப எழுதினாள், திரும்ப அழித்தாள். கடைசியில் காட்டியபோது ஒரே வார்த்தைதான் மிஞ்சியிருந்தது.

பார்த்திருக்கலாம்.

மகள் அவளுக்குக் குடையை விரித்தாள். இருவரும் வெயிலில் சயான் பக்கம் நடந்தார்கள். பூலோகம் நாக்கா வரைக்கும் பின்னாலேயே போனான். அங்கேயே நின்றுவிட்டான். அதற்குப் பிறகு தை மாதத்தில் துண்டுக் காகிதம் வரவில்லை. செம்பூரில் அவள் இப்போது சின்னக் குழந்தைகளுக்குத் தாளம் மட்டும் சொல்லிக் கொடுக்கிறாள், கையாலேயே.

ஹனீப் புதுத் தோல் போட்டுக் கொடுத்தார். வாரை எவ்வளவு இறுக்கினாலும், எவ்வளவு ஓங்கி அடித்தாலும் அந்தத் தவிலில் சத்தம் எழவில்லை. தமிழ்செல்வன் கல்யாணங்களுக்கு வேறு தவில்காரரைப் பார்த்துக்கொண்டான். இடிப்புத் தேதி தள்ளிக்கொண்டே போகிறது. சந்தில் தினமும் காலை பத்து நாற்பத்திரண்டுக்கு எல்லாம் ஆறு விநாடி நிற்கிறது: மெஷின், ஃபேன், தண்ணீர், விசில். பூலோகத்தின் இரண்டு கைகள் மட்டும் நிற்பதில்லை. அந்த ஆறு விநாடியும் அவை வெறும் தொடையில் கெட்டி மேளம் அடிக்கின்றன. முதலில் துண்டால் கட்டிப் பார்த்தான், பிறகு கையின் மேலேயே உட்கார்ந்து பார்த்தான், பிறகு விட்டுவிட்டான். சந்துக்காரர்களுக்கும் பழகிவிட்டது. தையல்காரர்கள் அந்நேரத்துக்கு மெஷினிலிருந்து காலை எடுத்துவிட்டு, ஊசியில் நூல் கோத்துக்கொள்கிறார்கள்.